சாம்பல் என்று நினைத்தேன்

கண்புரை ஆபரேஷன் முடிந்து இரண்டு வருடம் உலகம் எனக்குப் பளிச்சென்று இருந்தது. பிறகு மெல்ல மெல்லப் புகைமூட்டம். எண்ணூரில் குடியிருப்பவன் இதற்கெல்லாம் டாக்டரிடம் ஓடமாட்டான். அனல்மின் நிலையத்துச் சாம்பல் கொடியில் காயும் துணியிலும் குடத்துத் தண்ணீரிலும் படிகிற ஊர். மூக்குக்கண்ணாடியில் மட்டும் படியாதா? சாம்பல்தான் என்று முடிவு கட்டிவிட்டேன்.

"இன்னாய்யா, எத்தினி தபா தொடைப்ப? இப்டி குடு" என்று என் மனைவி கண்ணாடியைப் பிடுங்கி முந்தானையால் துடைத்துத் தருவாள். "இப்ப நல்லா தெரியுதா?"

தெரிகிறது என்பேன். தெரியாது. ஆபரேஷன் சமயத்தில் நேரம் தவறாமல் சொட்டு மருந்து விட்டவள் அவள். மறுபடி கண் மங்குகிறது என்று அவளிடம் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. வீம்பும் உண்டு. ஹார்பரில் கிரேன் ஓட்டியவனாயிற்றே நான்.

ஒரு காலை, தண்ணீர் லாரிக்குக் குடம் எடுத்துப் போனவள் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தாள். பிறகு எழவே இல்லை.

பெட்டியில் கிடத்தி, தலைமாட்டில் எனக்கு நாற்காலி போட்டார்கள். நாள் முழுக்க உட்கார்ந்திருந்தேன். புடவையின் நிறம் தெரிந்தது. முகம் இருந்த இடத்தில் வெறும் புகை. கல்லறையில் சாமியார் ஜெபம் முடித்ததும், "மொகம் பாக்குறவங்கல்லாம் பாத்துக்கோங்கப்பா" என்று குரல் கொடுத்தார்கள். கண்ணாடியைக் கழற்றி, வேட்டியில் அழுத்தித் துடைத்து, மாட்டிக்கொண்டு குனிந்தேன். தெரியவில்லை. பெட்டியை மூடிவிட்டார்கள்.

சில நாள் கழித்து, யாரிடமும் சொல்லாமல் பஸ் ஏறிக் கண் ஆஸ்பத்திரிக்குப் போனேன். உள்ளே வைத்த லென்சுக்குப் பின்னால் இருக்கும் சவ்வு மங்கியிருக்கிறது, பலருக்கும் வருவதுதான் என்றார் டாக்டர். கத்தியில்லை, கட்டில்லை. லேசர் வைத்தார், ஐந்தே நிமிடம். மறுநாள் தெருக்கோடி வரை தெரிந்தது. கண் கெட்ட பிறகு சூரிய நமஸ்காரம் என்பார்கள். எனக்கோ கண் வந்துவிட்டது, பார்க்கத்தான் ஆளில்லை. என்னை நானே செருப்பால் அடித்துக்கொள்ளலாம் போலிருந்தது.

துக்கத்துக்கு வந்தவர்களிடம் பேச்சோடு பேச்சாக விசாரித்தேன். தூங்குகிற மாதிரி இருந்தாள் என்றாள் பக்கத்து வீட்டுக்காரி. சிரித்த மாதிரி இருந்தாள் என்றான் என் மைத்துனன். எதை நம்புவது? கடைசியில் மகளிடமே கேட்டேன், "அம்மா மொகம் எப்டிம்மா இருந்துச்சு?"

அவள் பாத்திரம் தேய்ப்பதை நிறுத்தினாள்.

"இன்னா நைனா, என்னப் போயி கேக்குற? நீதான கடசி வரிக்கும் அம்மா மொகத்தயே பாத்துகினு குந்தினு இருந்த."