மருந்து செலுத்தத் தகுதியானவர்

போன செவ்வாய்க்கிழமை காலை பத்தரை மணிக்கு, மூன்று நாள் வாயைத் திறக்கக் கூடாது என்று எனக்கு உத்தரவு போடப்பட்டது. போட்டவர் ஒரு டாக்டர். (மனைவி முப்பது வருடமாக இதே உத்தரவைப் போட்டுவருகிறார். சீல் இல்லாததால் செல்லவில்லை.)

தொண்டை போன கதையை முதலில் சொல்லிவிடுகிறேன். அதற்கு முந்தின ஞாயிறு விருதுநகரில் ஒரு வாசகர் வட்டம். முப்பது பேர் வந்திருந்தார்கள். தலைப்பு: 'சொல்லே சிந்தனை'. நானே வைத்துக்கொண்டது. சொல் இல்லாத இடத்தில் எண்ணமும் இல்லை, மனிதன் மொழியால்தான் யோசிக்கிறான், மொழியைக் கழற்றிவிட்டால் மண்டை வெறும் காலி டப்பா... என்று ஐம்பது நிமிடம் முழங்கினேன். முன்வரிசையில் இரண்டு பேர் கண்ணைத் துடைத்தார்கள். மூன்றாம் வரிசையில் ஒருவர் மூக்கை உறிஞ்சினார். ஆகா, என் தமிழ் இவர்களை என்னமாய் உருக்குகிறது என்று குரலை இன்னும் ஏற்றினேன்.

கூட்டம் முடிந்து படி இறங்கும்போதுதான் தெரிந்தது. கீழே மிளகாய் வத்தல் அடைத்துவைக்கும் கிட்டங்கி. லாரிக்கு மூட்டை ஏற்றிக்கொண்டிருந்தார்கள்.

அடுத்தவர் கண்ணீருக்கு அர்த்தம் கற்பித்தால் சும்மா விடுமா? திங்கள் காலை வாயைத் திறந்தேன். காற்று மட்டும் வந்தது.

செவ்வாய்க்கிழமை திருத்தங்கலில் எங்கள் தெருமுனை கிளினிக்குக்குப் போனேன். வழக்கமான டாக்டர் லீவு. அவருக்குப் பதிலாகச் சென்னையிலிருந்து ஒரு இளம் டாக்டரம்மா வந்திருந்தார். ஊருக்கு வந்து இரண்டாவது நாள். தொண்டைக்குள் டார்ச் அடித்துப் பார்த்துவிட்டு, "மூணு நாள் ஒரு வார்த்தை பேசக் கூடாது. கிசுகிசுன்னுகூடப் பேசக் கூடாது" என்றார். பிபியும் கொஞ்சம் கூடுதல். "பத்து நிமிஷம் அந்த ஸ்டூல்ல உக்காருங்க. மறுபடி பாக்கலாம்."

உட்கார்ந்தேன். டோக்கன் கொடுக்கும் செல்வி அக்கா தூக்குவாளியை எடுத்துக்கொண்டு டீ வாங்கப் போனார். அடுத்த ஆள் உள்ளே வந்தார்.

நாற்பது வயது இருக்கும். பெயர் முத்துலட்சுமி, ஊர் ஆமத்தூர். நகக்கண்ணில் மட்டும் வெள்ளிப் பொடி மாதிரி ஒரு மினுக்கம். இந்தப் பக்கத்து ஆளுக்கு அந்த மினுக்கம் போதும்... எந்த வேலை என்று கேட்க வேண்டாம். டாக்டரம்மா இந்தப் பக்கத்து ஆள் இல்லையே.

"என்னம்மா பண்ணுது?"

"ஒண்ணும் பண்ணலைங்க. காச்சல்ல பன்னெண்டு நாளு படுத்துட்டேன். இப்பம் சொகமாயிட்டேன். வேலைக்குப் போகலாம்னு ஒரு சீட்டு மட்டும் எழுதிக் குடுங்க. சீட்டு இல்லாம வந்தா கேட்டத் தெறக்காதன்னு வாட்ச்மேன்கிட்டச் சொல்லிட்டாக. இன்னைக்குச் சாயந்தரத்துக்குள்ள குடுக்கலைன்னா என் எடத்துல வேற ஆளப் போட்ருவாக."

டாக்டரம்மா பேனாவை எடுத்தார். பெயர், வயது எழுதினார். அடுத்த கட்டத்துக்கு வந்தார்.

"என்ன வேலை?"

"மருந்து செலுத்துறேன்."

பேனா நின்றது.

வெளியூர் வாசகர்களுக்காக ஒரு நிமிடம். பட்டாசுக் கம்பெனியில் காகிதக் குழாய்க்குள் ரசாயனக் கலவையை அடைப்பதற்குப் பெயர் மருந்து செலுத்துவது. தமிழ்நாட்டின் மற்ற இடங்களில் மருந்து செலுத்துவது ஊசியால். சொல் ஒன்றுதான். முத்துலட்சுமி மனதில் சாம்பல் நிறப் பொடி. டாக்டரம்மா மனதில் சிரிஞ்சு. சிவகாசிப் பக்கம் பட்டாசு என்பது சென்னைக் குழந்தைக்கும் தெரியும்தான். ஆனால் தெரிந்திருப்பது வேறு. அந்த நொடியில் தோன்றுவது வேறு. வெள்ளைக் கோட்டுப் போட்டு உட்கார்ந்திருப்பவருக்கு எது முதலில் தோன்றும்?

"எத்தனை வருஷமா?"

"பதினாலு வருஷம் ஆச்சுங்க."

"நர்ஸிங் படிச்சிருக்கீங்களா?"

"எட்டாப்பு."

"எட்டாவது படிச்சிட்டு மருந்து செலுத்துறீங்களா?"

முத்துலட்சுமிக்குக் கொஞ்சம் ரோஷம் வந்தது. "எங்க ரூம்ல நானாவது எட்டு. எனக்குச் சொல்லிக் குடுத்த அக்கா பள்ளிக்கூடத்துப் பக்கமே போனதில்ல. அவுக கை அம்புட்டுச் சுத்தம்! ஒரு பொட்டு சிந்தாது."

"டாக்டர் யாரும் கூட இருக்க மாட்டாங்களா?"

"டாக்டரு எதுக்குங்க? போர்மேன் இருப்பாரு."

"போர்மேன்..." என்று டாக்டரம்மா மெல்லச் சொல்லிப்பார்த்தார். "எந்த நேரத்துல செலுத்துவீங்க?"

"காலையிலதான். வெயில் ஏறிருச்சுன்னா மருந்து சேட்டை பண்ணும்."

கவனியுங்கள்... கேள்விக்குச் சரியான பதில், பதிலுக்குச் சரியான அடுத்த கேள்வி. இருவருக்கும் எல்லாம் புரிந்துகொண்டே வருகிறது! புரியவில்லை என்றால் திரும்பக் கேட்டுவிடலாம். புரிந்துவிட்டதே, அதுதான் வில்லங்கம்.

"உங்க கம்பெனியில வேற என்ன பண்றாங்க?"

"சரக்குத்தான். லாரி லாரியா வடக்க போகும்."

"சரக்கா!"

அந்த அறையில் இரண்டு மனசுக்குள்ளும் எட்டிப் பார்க்க முடிந்த ஒரே ஆள் நான். என் வாய்க்கு மூன்று நாள் தடை. உத்தரவை மீறி வாயைத் திறந்தேன். சைக்கிள் டயரில் காற்றுப் போன மாதிரி ஒரு ஓசை வந்தது.

"பேசாதீங்க சார்!"

சரி, கை இருக்கிறதே. எழுந்து நின்றேன். கன்னத்தை உப்பவைத்தேன். இரண்டு முஷ்டியையும் நெஞ்சுக்கு நேரே சேர்த்து, படாரென்று விரித்துக் காட்டினேன். கண்ணையும் அகல விரித்தேன். வெடி என்பதை இதைவிடத் தெளிவாக எவனால் காட்ட முடியும்?

"நெஞ்சு வலிக்குதா? எவ்ளோ நேரமா?" என்று டாக்டரம்மா ஓடிவந்து என்னை உட்காரவைத்தார். பிபி பட்டையைக் கையில் சுற்றினார். பிபி இன்னும் கூடியிருந்தது.

எழுத்தாளனுக்குக் கடைசி ஆயுதம் எது? எழுத்து. மேஜைமேல் கிடந்த பேனாவை வெடுக்கென்று எடுத்து, ஒரு துண்டுச் சீட்டில் எழுதி நீட்டினேன்: 'இங்கே மருந்து என்பது மருந்து அல்ல.'

எழுதி முடித்ததும் எனக்கே பிடித்துப்போனது. என்ன சுருக்கம், என்ன ஓட்டம்! டாக்டரம்மா படித்தார். முகம் வெளுத்தது.

"போதை மருந்தா?"

நாற்காலியைப் பின்னால் தள்ளினார். முத்துலட்சுமியின் முழங்கையைப் பிடித்துத் திருப்பி ஊசித் தடம் தேடினார். "இதுல நான் கையெழுத்துப் போட முடியாது. சீனியர்கிட்டப் பேசணும். அவர் சொன்னா போலீஸுக்கும் சொல்லணும்" என்று போனை எடுத்தார். அழைப்பு போகவில்லை. சிக்னல் தேடி ஜன்னல் பக்கம் போனார்.

முத்துலட்சுமி என் பக்கம் திரும்பினார். கண் கலங்கியிருந்தது. இது வத்தல் நெடி இல்லை.

"ஏன் சார், நீங்க என்னத்த எழுதிக் குடுத்தீக? நல்லாத்தான பேசிக்கிட்டு இருந்தாக. அதைப் படிச்சதுல இருந்துதான் அவுக மொகம் மாறிப்போச்சு. பன்னெண்டு நாளு வேல போச்சு, இனி எடமும் போயிரும். ஒங்களுக்கு நான் என்ன பண்ணேன்? என் சோத்துல மண்ணள்ளிப் போட்டுட்டீகளே!"

இத்தனை வருடம் எழுதுகிறேன். ஒரே ஒரு வரிக்கு இவ்வளவு உடனடி விளைவு கிடைத்தது இதுதான் முதல் தடவை.

பிறகு அவர் செய்ததைச் சொல்ல வேண்டும்.

மேஜைமேல் அவருடைய சீட்டு பாதி எழுதியபடி கிடந்தது. அதை எடுத்தார். பேனாவின் மேல் வைத்து ஒரே உருட்டு. பேனாவை உருவினார், குழாய் நின்றது. ஒரு முனையை விரலால் அமுக்கி அடைத்தார். இல்லாத பொடியை உள்ளங்கையிலிருந்து சரித்தார்... நிதானமாக, ஒரு பொட்டும் சிந்தாமல். கட்டை விரலால் பதமாக ஒரு அழுத்தம். புடவை முந்தானையிலிருந்து ஒரு நூலை இழுத்துச் செருகினார். குழாயை மேஜை நடுவில் நிறுத்தினார். இல்லாத பத்தியை நீட்டி நூலைத் தொட்டார்.

தொட்டதும் இரண்டடி பின்னால் தாவி, இரண்டு காதையும் பொத்திக்கொண்டார்.

டாக்டரம்மாவும் இரண்டடி பின்னால் போனார்! போன் பிடித்த கை காதருகே அப்படியே நின்றது. முதலில் புரிந்தது அவர் காலுக்கு. வாய்க்கு வந்து சேரக் கொஞ்ச நேரம் ஆனது.

"ஐயோ... வெடியா?"

"அந்தச் சொல்லு ஆகாதுங்க," முத்துலட்சுமி பதறினார். "செலுத்துறவுக வாயில அது வரக் கூடாது. நாங்க மருந்து, சரக்குன்னுதான் சொல்லுவோம்."

பதினாலு வருடமாக அவர் அந்த ஒரு சொல்லை வாயில் எடுத்ததில்லை. எடுக்கவில்லை என்றால் தெரியாது என்று அர்த்தமா? நினைக்கவில்லை என்று அர்த்தமா? ஒவ்வொரு குழாய்க்கும் அவர் விரல் அதைத்தான் நினைத்துக்கொண்டிருக்கிறது. என் ஐம்பது நிமிடப் பேச்சு அந்த மேஜைமேல் குழாயாக நின்றது. யாரும் பற்றவைக்காமலே சிதறிப்போனது.

டாக்டரம்மா சிரிப்பார் என்று எதிர்பார்த்தேன். மருந்துக்குக்கூடச் சிரிக்கவில்லை. போனைக் கீழே வைத்தார்.

"கையை நீட்டுங்க. விரலை விரிச்சு... கண்ணை மூடிக்கோங்க."

இதற்கு முன்னால் அது வெறும் சீட்டு. பெயர், வயது, கையெழுத்து, அடுத்த டோக்கன். இப்போது அர்த்தம் மாறியதும் வைத்தியமும் மாறிவிட்டது. கண்ணைப் பார்த்தார். நடக்கவிட்டார். ஒற்றைக் காலில் நிற்கவைத்தார். "தலை சுத்துதா? கை நடுங்குதா? உண்மையைச் சொல்லுங்க. நடுங்கினா உங்களுக்கு மட்டுமில்ல, உங்க ரூம்ல இருக்கிறவங்களுக்கும்..." என்று சொல்லிவந்தவர் மீதியை முடிக்கவில்லை. அவருக்கும் அந்தச் சொல் ஆகாமல் போய்விட்டது.

நீட்டிய இரண்டு கையும் பலகை மாதிரி நின்றன.

"பயமா இல்லையா உங்களுக்கு?"

"பயந்துக்கிட்டு இருக்கதாலதாங்க பதினாலு வருசம் ஓட்டியிருக்கேன்."

டாக்டரம்மா புதுச் சீட்டு எடுத்தார். "இன்னும் நாலு நாள் ரெஸ்ட் எடுக்கலாமே?"

"எடுக்கலாம். எடம் இருக்காதே."

டாக்டரம்மா சீட்டில் பெயரையும் வயதையும் எழுதினார்.

"சரி, நாளையிலேர்ந்து போங்க. தலை சுத்துச்சுன்னா உடனே வெளிய வந்துடணும். என்ன வேலைன்னு எழுத?"

"மருந்து செலுத்துறதுன்னே போடுங்க. அப்பத்தான் போர்மேனுக்கு வெளங்கும்."

எழுதினார். எழுதியதை ஒருமுறை படித்துப்பார்த்தார். அப்போதுதான் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது. எம்.பி.பி.எஸ். படித்த ஒரு டாக்டர், எட்டாப்பு படித்த ஒருவருக்குக் கையெழுத்தும் சீலும் போட்டுத் தந்த அந்தச் சீட்டில் இருந்தது இதுதான்: 'முழு நலத்துடன் உள்ளார். மருந்து செலுத்தத் தகுதியானவர்.'

"அப்போ நாங்க குடுக்கிற மருந்துக்கு உங்க ஊர்ல என்ன பேரு?"

"அது மாத்திர, ஊசி, டானிக்கு. மருந்துன்னா எங்களுக்குக் குழாய்க்குள்ள போறது ஒண்ணுதாங்க."

டாக்டரம்மா எனக்குத் தந்திருந்த டானிக் பாட்டிலைப் பார்த்தேன். 'வெயில் படாத குளிர்ந்த இடத்தில் வைக்கவும். அளவை மீற வேண்டாம். குழந்தைகள் கைக்கு எட்டக் கூடாது.' இதில் எந்த வரி அவர் மருந்துக்குப் பொருந்தாது? தமிழ் தெரியாமலா இரண்டுக்கும் ஒரே பெயர் வைத்தது!

செல்வி அக்கா டீயோடு வந்தார். "இன்னும் முடியலையா முத்துலட்சுமி? டாக்டர், இவுக பட்டாசுக் கம்பெனில வேல பாக்காக. சீட்டக் குடுத்து அனுப்புங்க."

அவ்வளவுதான். கால் மணி நேரமாக நாங்கள் மூன்று பேர் சேர்ந்து தேடிய சொல். ப, ட், டா, சு... நாலே எழுத்து. கையில் பேனா இருந்தது, தாள் இருந்தது. எனக்கு ஏன் தோன்றவில்லை? ஏனென்றால் எனக்கு அப்போது வேண்டியிருந்தது சொல் இல்லை, வாக்கியம். நாலு பேர் மெச்சுகிற வாக்கியம்.

வாசல்வரை போன முத்துலட்சுமி திரும்பி வந்தார். என்னை மன்னித்துவிட்டார் என்று நினைத்தேன்.

"சார், இனிமே யாருக்கும் சீட்டு எழுதிக் குடுக்காதீக" என்று சொல்லிவிட்டு ஆமத்தூர் பஸ்ஸுக்கு ஓடினார்.

விருந்தும் மருந்தும் மூன்று நாள் என்பார்கள். என் மருந்தும் மூன்று நாள்தான்: மௌனம். மூன்று நாளும் என் வாயிலிருந்து ஒரு சொல் வரவில்லை. யோசனை மட்டும் ஒரு நிமிடம்கூட நிற்கவில்லை. சொல் இல்லாவிட்டால் எண்ணம் இல்லை என்று நான் சொன்னதைக் வத்தல் நெடியில் உட்கார்ந்து கேட்ட அந்த முப்பது பேரிடமும் தனித்தனியாக மன்னிப்புக் கேட்க வேண்டும்...

குரல் வரட்டும்.