எண்ணெய்த் தாங்கிக்குள் ஒரு பாட்டு

எழுபதுகளின் நடுப்பகுதி. திருகோணமலையில் நண்பர்கள் சேர்ந்து ஒரு படம் எடுத்தோம். கடலுக்குப் போன கணவன் திரும்பி வராத ஒரு பெண்ணின் கதை. இசை நான். என் முதல் படம். கால் தரையில் படாமல் திரிந்த காலம் அது.

அந்தப் பெண் கரையில் நின்று பாடும் கடைசிப் பாட்டு மட்டும் மிச்சம். பெட்டரியில் ஓடும் ரேப் ரெக்கோடர் ஒன்றை இரவல் வாங்கி வீட்டில் பதிந்து பார்த்தோம். தகரப் பேணிக்குள் பாடியது மாதிரி இருந்தது. படத்தின் இயக்குநரான என் நண்பன் முகத்துக்கு நேரே சொல்லிவிட்டான்: "மச்சான், நாளைக்கு றெயிலில படச்சுருள் கொழும்புக்குப் போகவேணும். பாட்டுச் சரிவராட்டி அந்த இடத்தில ஏதாவது இசைத்தட்டைப் போட்டுவிடுவன்."

என் படத்தில் இன்னொருவன் பாட்டா? நித்திரையே வரவில்லை.

விடியும்போது யோசனை வந்தது. உலக யுத்த காலத்தில் வெள்ளைக்காரன் காட்டுக்குள் கட்டிவிட்டுப் போன எண்ணெய்த் தாங்கிகள் இருக்கின்றனவே. ஒவ்வொன்றும் ஒரு தியேட்டர் அளவு இரும்புத் தொட்டி. வெறுமையாகக் கிடக்கும் ஒன்றுக்குள் போய்ப் பாடினால் ஸ்டூடியோவில் போடும் எதிரொலி சும்மா கிடைக்கும். காவற்காரரைக் கெஞ்சி, வெயில் ஏறுமுன் வந்துவிடுவோம் என்று சத்தியம் பண்ணி, ரேப் ரெக்கோடர், வயலின், மிருதங்கம், ஆர்மோனியம், பாட வந்த சங்கீத ரீச்சர் என்று ஒரு கல்யாணக் கோஷ்டியே அடியிலிருந்த ஓட்டையால் உள்ளே நுழைந்தோம்.

தொடங்கியதுதான் தாமதம், தாங்கி எங்களை விழுங்கிவிட்டது. மிருதங்கத்தின் ஒரு அடி நூறு அடியாகத் திரும்பி வந்தது. வயலினோ குளவிக்கூடு கலைந்த மாதிரி. மறுபடி, மறுபடி வாசித்தோம். இரும்பு சுடத் தொடங்கியது. நண்பன் என்னைப் பேச, நான் மிருதங்கக்காரரைப் பேச, அவர் தாங்கியைப் பேச, எல்லாப் பேச்சும் நாலு மடங்காக எங்கள் தலையிலேயே விழுந்தது.

ரீச்சருக்குப் பொறுமை போய்விட்டது. "எல்லாரும் கொஞ்சம் வாயை மூடுறீங்களா" என்று கத்தினார். மூடினோம். அவருடைய குரல் மட்டும் நிற்கவில்லை. மேலே போய், சுற்றி, இறங்கி, மெல்ல மெல்லத் தேய்ந்தது. எனக்கு வேண்டியிருந்த எதிரொலி அதுதான்.

"ரீச்சர், முதல் வரியை மட்டும் பாடிப்போட்டு நில்லுங்கோ. அது தேயிற நேரம் பார்த்து அடுத்த வரியை எடுங்கோ" என்றேன்.

"அப்ப நாங்கள்?" என்றார் மிருதங்கக்காரர்.

"நீங்கள் மூச்சும் விடவேண்டாம், அண்ணை."

பாடினார். தன் குரலே திரும்பி வர, அதன் மேலே அடுத்த வரியை வைத்தார். ஒரே தடவைதான். நாடா நின்றதும் நண்பன் என்னைக் கட்டிப்பிடித்துத் தூக்கிவிட்டான். அந்தப் பாட்டுக்கு நான் மாதக்கணக்கில் எழுதிய வாத்திய இசை முழுவதும் போனது. ஒரு துளி கவலை வரவில்லை. அன்றைக்கே சுருள் றெயிலேறியது.

படத்தை முதலில் சல்லி என்ற மீனவக் கிராமத்துக் கரையில் திரை கட்டிக் காட்டினோம். முடிந்ததும் ஒரு பெண் வந்து ரீச்சரின் கையைப் பிடித்துக்கொண்டார். அவருடைய கணவரும் கடலுக்குப் போய் வராதவராம். "நானும் இந்தக் கரையில நிண்டு கூப்பிட்டனான், பிள்ளை. ஒரு சத்தமும் திரும்பி வரயில்ல. உங்களுக்கு வந்துதே, எனக்கு அது போதும்" என்றார்.

என் படம், என் பாட்டு என்று நித்திரையில்லாமல் கிடந்தவன் நான். அதற்குப் பிறகு எத்தனையோ படங்களுக்கு இசையமைத்துவிட்டேன், ஆனால் எந்தப் பாட்டையும் என்னுடையது என்று சொல்ல இன்றுவரை எனக்கு வாய் வருவதில்லை.