இளங்கலையைக் கனிஷ்டமாக்கிய கதை

சத்தியப் பிரமாண மொழிபெயர்ப்பாளர் என்று போர்டு மாட்டியவனைத் தேடி, கையில் கவர் இல்லாமல் யாரும் வருவதில்லை. பலாங்கொடை பஸ் ஸ்டாண்டுக்குப் பக்கத்து மாடியில் ஓர் அறை வைத்திருந்தேன். போன வருடம் அதை விட்டுவிட்டேன். காலையில் பஸ் சத்தம் கேட்காமல் இன்னும் தேநீர் இறங்க மாட்டேன் என்கிறது. சான்றிதழைப் பிரதியெடுத்து, கையெழுத்து வாங்கி, கவுன்டர் கவுன்டராக அலைந்தவர்களே, உங்களுக்குத்தான் இதெல்லாம் புரியும்.

ஒரே தமிழ்

வாணி மேல்மலைத் தேயிலைத் தோட்டத்துப் பிள்ளை. தமிழ்நாட்டில் தமிழ் படித்து இரண்டு பட்டத்தோடு திரும்பியிருந்தாள். பல்கலைக்கழகம் ஒன்றில் தமிழ் விரிவுரையாளர் வேலைக்கு விண்ணப்பித்திருந்தாள். அந்தப் பட்டம் இங்குள்ள பட்டத்துக்குச் சமமா என்று அவர்களுக்குச் சந்தேகம். படித்த கல்லூரியிலிருந்து விளக்கக் கடிதம் கேட்டார்கள். கல்லூரி நல்ல தமிழில் எழுதிக் கொடுத்தது. அதைச் சிங்களத்தில் மாற்றத்தான் என்னிடம் வந்தாள்.

மத்தியானத்துக்குள் வேண்டும் என்று அவசரப்படுத்தினாள். நான் தட்டச்சு செய்யச் செய்யப் பார்த்துக்கொண்டே இருந்தவள் சொன்னாள்: "அங்கயும் தமிழ், இங்கயும் தமிழ் தாங்க சார். நடுவுல இத்தனை பேப்பரா?"

நான் செய்த காரியம்

இலங்கையில் நாம் கலைமாணி என்பதைத் தமிழ்நாட்டில் இளங்கலை என்பார்கள். எனக்கு இது தெரியாமல் இல்லை. ஆனாலும் அன்றைய அவசரத்தில் 'இளம்' என்பதைப் பார்த்ததும் கை தானாகச் சிங்களத்தில் 'கனிஷ்ட', அதாவது இளைய, என்று அடித்துவிட்டது. நம் ஊரில் கனிஷ்ட என்றால் எட்டாம், ஒன்பதாம் வகுப்புப் பிள்ளைகள்தான் ஞாபகத்துக்கு வருவார்கள். அடியில் 'சரியென உறுதிப்படுத்துகிறேன்' என்று முத்திரை வேறு குத்தினேன்.

சமமில்லை என்று பதில் வந்தது. பல்கலைக்கழகத்துக்குப் போன் எடுத்தேன். எழுதுவினைஞர் சிங்களத்தில் மரியாதையாகத்தான் கேட்டார்: "சான்றிதழ்ல பட்டம்னு இருக்கு, உங்க தாள்ல கனிஷ்டனு இருக்கு. நாங்க எதை நம்புறது மாத்தயா?"

கையெழுத்து

திருத்திய தாளை அனுப்பினோம். காலம் கடந்துவிட்டது என்றார்கள். வேலை வேறொருவருக்குப் போகவிருந்தது. வாணி வழக்குப் போட்டாள். பிழை என்னுடையது என்று நான் சத்தியக்கடதாசி கொடுத்தால்தான் வழக்கு நிற்கும் என்றார் இரத்தினபுரி வக்கீல்.

இரண்டு நாள் சாக்குச் சொன்னேன். பிழை விட்டேன் என்று கோர்ட்டில் எழுதிக் கொடுத்தவனிடம் அப்புறம் யார் வருவார்கள்? இன்று நினைத்தாலும் வெட்கமாக இருக்கிறது. மூன்றாம் நாள் வாணியின் அம்மா செல்லம்மா, கொழுந்தெடுக்கப் போகாமல் முதல் பஸ்ஸில் இறங்கி வந்து என் முன்னால் நின்றார்.

"எம்புள்ளைய சின்னதாக்குனது நீங்க தானுங்களே ஐயா. பெருசாக்குறதும் நீங்களே செஞ்சிருங்க."

அன்றே கையெழுத்துப் போட்டேன்.

மறுபடி ஒரு கடிதம்

வழக்கு தீர்ப்பு வரை போகவில்லை. என் சத்தியக்கடதாசியைப் பார்த்ததும் அவர்கள் தரப்பு இறங்கி வந்து, பட்டத்தைச் சமமென்று ஏற்று, நேர்முகத்துக்கும் கூப்பிட்டது. வாணி தேர்வானாள்.

சிங்களத்தில் வந்த நியமனக் கடிதத்தை வாணியே வாசித்துக் காட்டியிருக்கலாம். ஆனால் செல்லம்மா, பிழை விட்டவர் வாயாலேயே கேட்க வேண்டும் என்று அறைக்கே வந்துவிட்டார். அகராதியைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு, ஒவ்வொரு சொல்லாகத் தமிழில் சொன்னேன். பதவியின் பெயர் 'தகுதிகாண் விரிவுரையாளர்'. அரசாங்கச் சொல் அதுதான், அட்சரம் பிசகவில்லை. புதிதாகச் சேரும் எல்லோருக்கும் முதல் சில வருடம் அப்படித்தான் என்று விளக்கவும் செய்தேன். வாணி சிரித்தாள். அந்த அம்மாவின் முகம்தான் சுருங்கிப் போயிற்று.

"இத்தனை கேஸுக்கு அப்புறமும் இன்னும் தகுதிதான் பாக்குறாங்களா ஐயா?"

பிழையாக மொழிபெயர்த்து ஒரு தடவை, சரியாக மொழிபெயர்த்து ஒரு தடவை என்று ஒரே தாயை இரண்டு முறை கலங்கவைத்ததுதான் என் இத்தனை வருட அனுபவம்.