ஊமைப் படத்தில் எழுதாத வரி

எழுபதுகளின் கடைசி. கோலா சாவா பக்கம் எங்கள் ரப்பர் தோட்டத்தில் ஆண்டு விழா. வெள்ளைக்காரன் காலத்தில் இதே தோட்டத்தில் எடுத்த செய்திப்படம் ஒன்றை எங்கேயோ தேடிப் பிடித்திருந்தார்கள். சத்தமே இல்லாத படம். நடுநடுவே ஆங்கிலத்தில் ஒரு வரி எழுதிக் காட்டும். அதைத் தமிழில் சத்தமாகப் படிக்க என்னைப் பிடித்தார்கள். ஆபீசில் தற்காலிகமாக டைப் அடித்துக்கொண்டிருந்தேன். "நல்லாப் படிச்சேன்னா அந்த நாற்காலி ஒனக்குத்தான்லா," என்றார் ஆபீஸ் கணக்கு பார்க்கும் கிராணி. இல்லையென்றால் திரும்பவும் மரம் சீவப் போகணும்.

அன்றைக்குக் காலையிலிருந்தே எங்கள் ஆட்களை மாலையும் கையுமாக வெயிலில் வரிசையாக நிற்க வைத்திருந்தார்கள், தலைமை ஆபீஸ் விருந்தாளிக்காக. அந்த ஆள் மதியம்தான் வந்து இறங்கினார். அப்புறம் ஹாலின் ஜன்னலுக்கெல்லாம் சாக்கு கட்டிப் படத்தைப் போட்டார்கள்.

திரையிலும் அதே கூத்து. பெரிய துரை காரை விட்டு இறங்குகிறார், நம்ம சனம் வரிசையில் நிற்கிறது. கடைசியில் கைப்பிள்ளையோடு ஒரு பெண், காமிராவைப் பார்த்து என்னமோ சொல்கிறாள். உடனே எழுத்து வந்தது: 'மகிழ்ச்சியோடு வரவேற்கும் தொழிலாளர்கள்.'

நான் வாயைத் திறப்பதற்குள் பக்கத்திலிருந்த என் சின்னம்மா கையைப் பிடித்து இழுத்தாள். சின்ன வயதில் காய்ச்சலில் காது போனவள். விடிகாலையில் ஆள் கணக்கெடுக்கும் பெரட்டில் பெயர் கூப்பிடும்போது, லாந்தர் வெளிச்சத்தில் வேலை வாங்கும் மண்டோரின் வாயைப் பார்த்தே எல்லாம் தெரிந்துகொள்வாள். அவள் குழறிப் பேசுவது எனக்கு மட்டும் விளங்கும். திரையில் அந்தப் பெண்ணின் வாயைப் பார்த்துப் படித்ததை என்னிடம் சொன்னாள்.

படித்தேன்: "காலையிலேர்ந்து நிக்கிறோம், பிள்ளைக்குப் பால் கொடுக்கணும், விடுங்கய்யா."

மேனேஜர் எழுந்துவிட்டார். "அப்படியா எழுதியிருக்கு?"

"எழுதல சார். அந்தம்மா சொன்னது."

"ஊமைப் படத்துல ஒனக்கு எப்படிக் கேட்டுச்சு?"

"எனக்குக் கேக்கல. சின்னம்மாகிட்ட வாங்க. நேரா நின்னு வாயைத் திறந்து பேசுங்க, நீங்க சொல்றதையும் சொல்லுவா."

கிராணி காதோரம் கெஞ்சினார், "எழுதியிருக்கிறதைப் படிச்சிடு புள்ள." முடியாது என்றேன். பின்னாலிருந்த பெண்கள் இன்னொரு தரம் போடச் சொன்னார்கள். மெஷினையே நிறுத்திவிட்டார்கள். நம்பாதவர்கள் நம்பாமலே போகட்டும், எனக்கென்ன.

நாற்காலி வேறொருத்திக்குப் போனது. மறுநாள் மரம் சீவும் கத்தியோடு பெரட்டில் சின்னம்மா பக்கத்தில் நின்றேன். மண்டோர் நக்கலாகச் சிரித்துக்கொண்டே என் பெயரைக் கூப்பிட்டார். "இருக்கேன்" என்றேன், சின்னம்மாவுக்கும் தெரிகிற மாதிரி வாயை நன்றாகத் திறந்து.