இடது உள்ளங்கையின் குளிர்

தலைமன்னார் ரயிலில் எனக்கு எதிரே உட்கார்ந்திருந்தவர் ஓய்வுபெற்ற ஒரு தாதி. மெலிந்த உடம்பு, தடித்த கண்ணாடி. காத்துக் கறுப்பும் வானத்து வெளிச்சமும் பட்டு வந்ததாகச் சொல்லப்படும் நோய் வருத்தங்களை, அவை வந்தவர்களின் குரலிலேயே போனில் பதிந்து சேர்த்துவருகிறாராம். யார் பேசினாலும் கண்ணை மூடிக்கொண்டுதான் கேட்பார்.

“உங்களுக்கும் ஏதும் இருக்கோ?” என்றார்.

காட்டப் போன டொக்டர் சிரித்த பிறகு நான் யாருக்கும் சொல்லாததை அந்தத் தாதியின் போனில் பதியும்படி சொன்னேன். கீரி என்ற கரையோர ஊரில், கடலுக்கு மேலே ஒரு பச்சை வெளிச்சத்தைக் கண்ட நாளிலிருந்து, பொழுது சாயும்போது என் இடது உள்ளங்கை மட்டும் ஐஸ் மாதிரிக் குளிர்கிறது.

“இதை மாத்துவியளோ அம்மா?”

“மாத்த எனக்குத் தெரியாது மகன். இதைக் கேளுங்கோ.”

போனில் ஒரு பெண் பேசினாள். சிலாவத்துறைக் கடலில் அவளும் பச்சை வெளிச்சத்தைக் கண்டிருக்கிறாள். அவளுக்கும் இடது உள்ளங்கைதான், பொழுது சாயும்போதுதான். “வீட்டுக்காரர்கூட நம்பேல்லை,” என்று முடித்தாள்.

அதையே இன்னொருமுறை போடச் சொல்லிக் கேட்டேன்.

“இவ ஆர்?”

“பேர் சொல்லமாட்டன். உங்கட குரலை அவவுக்குப் போட்டுக் காட்டட்டோ?”

“ஓம்” என்றேன்.

பேசாலையில் அவர் இறங்கிப் போய்விட்டார். கை இன்னும் குளிர்கிறது. அந்தப் பெண் என் குரலைக் கேட்டாளா, கேட்டு என்ன சொன்னாள் என்பதை அறியத்தான் மனம் கிடந்து அடித்துக்கொள்கிறது.