வெள்ளிக்கிழமைப் பட்டினி

எங்கள் மாதா கோயிலில் எல்லோருக்கும் அவர் பீடத்துணி அக்கா. இளம் வயதிலிருந்து இடுப்பெலும்பு முறியும் வரைக்கும், பூசைப் பீடத்து விரிப்புகளையும் இரசக்கிண்ணம் துடைக்கிற சிறு துணிகளையும் துவைத்து, கஞ்சி போட்டு, மடிப்புக் கலையாமல் கொண்டுபோய்க் கொடுத்தவர். கல்யாணம் செய்துகொள்ளவில்லை. கேட்டால், "நேரம் எங்க இருந்துச்சு?" என்பார்.

அந்தச் சிறு துணிகளில் நற்கருணை அப்பத்தின் துணுக்கு ஒட்டியிருக்கலாம் என்பதால், முதல் அலசல் தண்ணீரைச் சாக்கடையில் விடக் கூடாது. யாரும் மிதிக்காத மண்ணில் ஊற்ற வேண்டும். பல நூற்றாண்டுகளாக இருந்துவரும் வழக்கம் அது. அக்கா கோயில் பின்சுவரோரம் செடி மறைவில் ஊற்றுவார். ஒரு சாமியார், பாவம் வயதாகிறதே என்று வாஷிங் மெஷின் வாங்கி வைத்தார். அக்கா அவருக்கு நன்றி சொல்லிவிட்டு அதன் மேல் கம்பளி விரித்து இஸ்திரி போட்டார். அது ஓடியதே இல்லை.

இதையெல்லாம் சொல்வது, அவர் எப்பேர்ப்பட்ட ஆள் என்று தெரிய வேண்டும் என்பதற்காக. எனக்கு முதலில் தெரியவில்லை.

நான் நோயாளிகளை வீட்டில் இருந்து பார்த்துக்கொள்ளும் பயிற்சி பெற்றவள். எனக்கும் வயதாகிவிட்டது; ஆனாலும் ஒரு ஆளைப் படுக்கையில் புரட்டிப் போடத் தெம்பு இருக்கிறது. அக்காவின் தங்கை மகனும் அவன் மனைவியும் வேலைக்குப் போகிறவர்கள். இடுப்பு ஆபரேஷன் முடிந்து பெரியம்மாவை வீட்டுக்குக் கொண்டுவந்தபோது என்னைக் கூப்பிட்டார்கள். சர்க்கரை வியாதி, காலையும் இரவும் ஊசி, நடைச்சட்டம் பிடித்து நடக்கப் பழக்க வேண்டும். இவ்வளவுதான் வேலை என்றார்கள்.

நடை நன்றாகவே வந்தது. முதலில் கட்டில் ஓரம் உட்கார்ந்தார், பிறகு நின்றார், பிறகு கூடத்துச் சன்னல் வரைக்கும் போனார். அங்கே நின்று கீழே தெருவில் போகிறவர்களின் சட்டைகளைப் பார்த்து, "அந்தக் காலர் அழுக்கை அடிச்சே துவைக்கல பாரு," என்று குறை சொல்வார். குறை சொல்ல ஆரம்பித்துவிட்டால் நோயாளி தேறிவிட்டார் என்று எனக்குக் கணக்கு.

தொல்லை வெள்ளிக்கிழமைதான்.

வெள்ளிதோறும் சின்ன சாமியார் வீட்டில் கிடக்கும் நோயாளிகளுக்கு நற்கருணை கொண்டுவருவார். பூசை முடித்து, பள்ளிக்கூட வேலை முடித்து, தெரு வரிசைப்படி வந்துசேரப் பதினொரு மணி தாண்டிவிடும். அதுவரைக்கும் அக்கா வாயில் பச்சைத் தண்ணீர் படாது. முந்தின நாள் நடு இரவிலிருந்து பட்டினி. நன்மை, அதாவது நற்கருணை, வாங்குகிறவர்கள் அப்படித்தான் இருக்க வேண்டும் என்று அவர் சிறுமியாக இருந்தபோது சொல்லிக்கொடுத்தது. அவர் அளவில் அது இன்னும் முடியவில்லை.

காலை ஊசியை நான் தள்ளிப் போட்டேன். ஆனால் முந்தின இரவு போட்ட ஊசி உள்ளே வேலை செய்துகொண்டுதானே இருக்கும்? பத்து மணிக்கு நெற்றி வியர்க்கும், கை நடுங்கும். டாக்டர் இரவு ஊசியைக் குறைத்தார். சர்க்கரை ஏறி உட்கார்ந்துகொண்டது. திரும்பக் கூட்டினார். "சாப்பிடச் சொல்லுங்கம்மா, இது என்ன பெரிய விஷயம்?" என்றார். அவர் ஒருநாள் வந்து சொல்லிப் பார்க்கட்டும்.

சின்ன சாமியாரிடம் விஷயத்தைச் சொன்னேன். நல்ல பிள்ளை. கட்டிலருகே நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார்.

"அம்மா, அந்தச் சட்டம் எப்பவோ மாறிடுச்சு. இப்ப ஒரு மணி நேரம் சாப்பிடாம இருந்தா போதும். அதுவும் நோயாளிகளுக்குக் கிடையாது. அவங்களைப் பார்த்துக்கிறவங்களுக்குக்கூடக் கிடையாது." என் பக்கம் திரும்பிச் சிரித்தார். "நீங்களும் சாப்பிட்டுட்டே நன்மை வாங்கலாம்."

"நான் என்னைக்கு ஃபாதர் சாப்பிடாம இருந்தேன்? பட்டினி கிடக்கிறது இவங்க."

அக்கா கேட்டார்: "மாத்தினவங்க யாரு சாமி?"

"பாப்பரசரே மாத்தினாரும்மா."

"அவரு மாத்தலாம். அவருக்கு அதிகாரம் இருக்கு. நான் வேண்டாம்னா சொன்னேன்? மத்தவங்க சாப்பிட்டுட்டு வாங்கட்டும்."

"உங்களுக்கும் சேர்த்துத்தாம்மா."

"எனக்கு வேண்டாம் சாமி."

முதல் ஆளாக இங்கே வாருங்கள் என்று கேட்டேன். எங்களுக்கு முன்னால் ஏழெட்டு வீடு இருக்கிறது, அதில் ஒருவர் சாகக் கிடக்கிறார், எப்படி மாற்றுவது என்றார். அதுவும் நியாயம்தான். நியாயமாகப் பேசுகிறவர்களிடம் கோபப்பட முடியாமல் போவதுதான் பெரிய எரிச்சல்.

இந்தப் பிடிவாதத்தின் வேர் ஒருநாள் குளிப்பாட்டும்போது தெரிந்தது. சிறுமியாக முதல்முதல் நற்கருணை வாங்கும் புதுநன்மை நாள் காலையில், பல் விளக்கும்போது ஒரு வாய்த் தண்ணீர் உள்ளே போய்விட்டதாம். யாரும் பார்க்கவில்லை. இவராகவே போய்க் கன்னியர் அம்மாவிடம் சொல்லியிருக்கிறார். வெள்ளை உடுப்பு, தலையில் பூமுடி எல்லாம் போட்டபடியே கடைசி பெஞ்சில் உட்காரவைத்துவிட்டார்கள். கூடப் படித்தவர்கள் எல்லோரும் வரிசையாகப் போய் வாங்கிவந்தார்கள். இவருக்கு அடுத்த ஞாயிறு, தனியாக.

"அழுதீங்களா?" என்று கேட்டேன்.

"எதுக்கு அழணும்? தண்ணி குடிச்சது நான்தானே. முதுகுல இன்னும் கொஞ்சம் தேய்."

அந்தக் கன்னியர் அம்மா கையில் கிடைத்திருந்தால் நான் இரண்டு வார்த்தை கேட்டிருப்பேன். அவர் செத்து எவ்வளவோ காலம்.

பிறகு அந்த வெள்ளிக்கிழமை வந்தது. அக்காவுக்கு உடுப்பு மாற்றி நாற்காலியில் உட்காரவைத்திருந்தேன். அன்றைக்கு மட்டும் கட்டிலில் இருக்கமாட்டார்; ஆண்டவர் வரும்போது படுத்துக்கிடப்பதா என்பார். பத்தரைக்கெல்லாம் வியர்வை கொட்டியது. சர்க்கரைத் தண்ணீர் கலக்கிக்கொண்டு போனேன். உதட்டை இறுக மூடிக்கொண்டார்.

"அக்கா, வாயைத் திறங்க."

தலையை ஆட்டினார்.

"விழுந்து செத்துப் போனா நன்மை எங்கேருந்து வாங்குவீங்க?"

கண் மேலே போகத் தொடங்கியது. இனி யாருடைய சட்டத்தைக் கேட்டுக்கொண்டிருப்பது? தேனை விரலில் எடுத்துக் கன்னத்தின் உட்புறம் வைத்துத் தேய்த்தேன். கடித்தார். இன்னொரு தடவை தேய்த்தேன். கொஞ்ச நேரத்தில் கண் நேரானது, சர்க்கரைத் தண்ணீரையும் புகட்டினேன். பாதி டம்ளர் இறங்கியிருக்கும்போது வாசலில் செருப்புச் சத்தம். சின்ன சாமியார் நின்றுகொண்டிருந்தார், நெஞ்சோடு அணைத்த நற்கருணைச் சிமிழோடு.

அக்கா அவரைப் பார்த்தார். டம்ளரைப் பார்த்தார். பிறகு என்னை. நாக்கால் உதட்டைத் துழாவி, இனிப்பைக் கண்டுகொண்டார்.

"உள்ள போயிடுச்சு சாமி. நீங்க போங்க."

எவ்வளவோ சொன்னார். கெஞ்சினார். அக்கா கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்துவிட்டார். சாமியார் போன பிறகும் நாற்காலியை விட்டு எழவில்லை. அடுத்த சில நாட்கள் என்னோடு பேச்சே கிடையாது. வேண்டியதைக் கையால் காட்டினார்.

தங்கை மகன் மனைவிக்குப் பயம் பிடித்துக்கொண்டது. "நர்சம்மா, பேசாம இந்த நன்மையையே நிறுத்திடலாமா? ஃபாதரை வர வேண்டாம்னு சொல்லிடுறேன்."

"சொல்லும்மா. அதுக்கப்புறம் எல்லா நாளும் சாப்பிட மாட்டாங்க."

"நீங்க அவங்க பக்கமா?"

"நான் சர்க்கரைப் பக்கம்."

தங்கை மகன்தான் யோசனை சொன்னான். பெரியம்மாவுக்குப் பழைய சாமியார்கள் சொன்னால்தான் ஏறும்; ஓய்வில் இருக்கும் பெரிய சாமியாரைக் கூட்டிவருவோம் என்றான். காரில் ஏற்றி, மாடிப்படி ஏற்றி, நானும் அவனும் ஆளுக்கொரு பக்கம் தாங்கிக் கொண்டுவந்து உட்காரவைத்தோம். ஒரு நோயாளியைப் பார்க்க இன்னொரு நோயாளி.

அவர் சட்டம் மாறியது பற்றிப் பேசவே இல்லை. "பழசுதான் வேணும்னா பழசுலயே வழி இருக்கு," என்றார். "சீக்கிரம் குணமாகும்னு நிச்சயமில்லாம ஒரு மாசமாப் படுக்கையில இருக்கிறவங்க, வாரத்துக்கு ஒண்ணு ரெண்டு தடவை, மருந்தோ குடிக்கிறதுக்கு ஏதாவதோ எடுத்துட்டு நன்மை வாங்கலாம். பாவசங்கீர்த்தனம் கேட்கிற சாமியார் சொன்னாப் போதும். உன் சின்ன வயசுலயே இருந்த சட்டம்தான்."

அக்காவின் முகம் மாறியது. "நெசமாவா சாமி?"

"நெசம்தான். பால் குடி. சர்க்கரை வேணும்னா போட்டுக்கோ."

எனக்கு அவர் காலில் விழலாம்போல இருந்தது.

"படுத்து ஒரு மாசம் ஆச்சு இல்ல?" என்று கேட்டார்.

நான் அக்காவின் பின்னால் நின்று, ஆச்சு ஆச்சு என்று தலையை ஆட்டினேன்.

"இல்ல சாமி," என்றார் அக்கா. "நேத்துகூடச் சன்னல் வரைக்கும் நடந்தேன். இவதான் நடக்க வச்சா."

"அது கணக்கில்ல. படுக்கைதான்னு வச்சுக்கலாம்."

"வச்சுக்கலாம்னா?"

"நான் சொல்றேன் இல்ல?"

"நீங்க சொல்லுவீங்க சாமி. நடந்தது நானு."

பெரிய சாமியார் சிரித்து, ஆசீர்வாதம் கொடுத்துவிட்டுப் போனார். வழி காட்டியாயிற்று, இனி அவளே புரிந்துகொள்வாள் என்று நினைத்திருப்பார். புரிந்துதான் கொண்டார்.

மறுநாள் காலையில் நடைச்சட்டத்தைக் கட்டிலருகே கொண்டுபோனேன். அக்கா சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்திருந்தார்.

"எந்திரிங்கக்கா. சன்னலுக்குப் போவோம்."

"இல்ல. இன்னையிலிருந்து ஒரு மாசம்."

"என்ன ஒரு மாசம்?"

"படுக்கை."

எனக்கு விளங்கச் சற்று நேரம் ஆனது. விளங்கியதும் கத்தினேன். வயதானவர்கள் படுத்தால் கால் சதை கரைந்துவிடும், முதுகில் புண் வரும், நெஞ்சில் சளி கட்டும் என்று எனக்குத் தெரிந்த பயமுறுத்தல் எல்லாவற்றையும் சொன்னேன்.

"படுத்துக்கிட்டேன்னு பொய் சொல்லிப் பால் குடிக்கச் சொல்றியா?"

"யாரும் பொய் சொல்லச் சொல்லல. சாமியார் அனுமதி கொடுத்துட்டாரு."

"படுக்கையில இருக்கிறவளுக்குக் கொடுத்தாரு."

பட்டினி கிடந்தால் நான் மறுபடி தேன் தடவிவிடுவேன் என்று, அந்த மாதம் முழுக்க வெள்ளிக்கிழமைகளில் சின்ன சாமியாரை, "இன்னும் ஆகல சாமி, அடுத்த மாசம் வாங்க," என்று திருப்பி அனுப்பினார். நன்மை இல்லாததால் பட்டினியும் இல்லை. வேளாவேளைக்குச் சாப்பிட்டார். சர்க்கரை அளவைப் பார்த்த டாக்டர், "அருமையாக் கட்டுப்பட்டிருக்கே, என்ன பண்ணினீங்க?" என்று கேட்டார். பிறகு போர்வையை விலக்கிக் காலைப் பார்த்தார். "இது ஏன் இப்படி?" நான் ஆரம்பத்திலிருந்து சொன்னேன். அவர் கைக்கடிகாரத்தைப் பார்த்துவிட்டு, காற்று மெத்தை எழுதிக் கொடுத்துவிட்டுப் போனார்.

நான் நிற்கவைத்த கால். அது ஒவ்வொரு நாளும் மெலிவதை எண்ணெய் தடவும்போது என் கைக்குத் தெரிந்தது. சின்ன சாமியார் ஒருநாள் என்னிடம், "எவ்வளவு விசுவாசம் பாருங்க," என்றார். "முதுகைப் புரட்டிவிட நீங்க வர்றீங்களா ஃபாதர்?" என்று கேட்டேன். அதற்குப் பிறகு அவர் விசுவாசத்தைப் பற்றி என்னிடம் பேசவில்லை.

மாதம் முடிந்து வந்த வெள்ளியன்று, காலையிலேயே அக்கா கூப்பிட்டார்.

"நர்சம்மா, பால்."

சர்க்கரை போட்டுக் கொண்டுவந்தேன். முழு டம்ளரும், அவசரப்படாமல், ஒவ்வொரு வாயாகக் குடித்தார். உதட்டைத் துடைத்துக்கொண்டார். பதினொன்றரைக்குச் சின்ன சாமியார் வந்தபோது வியர்வை இல்லை, நடுக்கம் இல்லை. படுத்தபடியே கைகுவித்து வாங்கிக்கொண்டார். கண்ணை மூடியிருந்த முகத்தில் ஒரு சந்தோஷம் இருந்தது, அதை நான் மறுக்கவில்லை. ஆனால் நான் பார்த்துக்கொண்டிருந்தது போர்வைக்கு வெளியே தெரிந்த கணுக்காலை.

சாமியார் போனதும் நடைச்சட்டத்தை எடுத்துவந்தேன். "மாசம் முடிஞ்சிடுச்சு. பாலும் குடிச்சாச்சு. எந்திரிங்க."

"எந்திரிச்சா அடுத்த வாரம் பால் கிடையாதே."

"அக்கா!"

"படுக்கையில இருக்கிறவங்களுக்குத்தான் சட்டம். நடந்தா எப்படி?"

நான் நடைச்சட்டத்தைச் சுவரில் சாத்திவிட்டுக் கூடத்துக்குப் போய்ப் பெரிய சாமியாருக்குப் போன் போட்டேன். வணக்கம்கூடச் சொல்லவில்லை.

"சாமி, படுத்துக்கிட்டே காலை ஆட்டலாமா கூடாதா?"

"யாரும்மா அது?"

"பீடத்துணி அக்கா வீட்டு நர்சு. அந்தச் சட்டத்துல காலைப் பத்தி ஏதாவது எழுதியிருக்கா?"

"காலைப் பத்தி ஒண்ணும் இல்லம்மா," என்றார்.

"அதை அவங்ககிட்ட நீங்களே சொல்லுங்க." போனைக் கொண்டுபோய் அக்காவின் காதில் வைத்தேன். அக்கா கவனமாகக் கேட்டார். "சரி சாமி. சரி சாமி," என்றார். போனைத் திருப்பிக் கொடுத்தார்.

"ஆட்டலாமாம்."

"கேட்டுச்சு. வலது காலைத் தூக்குங்க. பத்துத் தடவை."

போர்வைக்குள் கால் மெல்ல எழுந்தது. ஒரு சாண் உயரம் இருக்கும். நடுங்கியது. இறங்கியது.

"போதும்," என்றார்.

"ஒண்ணுதான் ஆச்சு."

"இன்னைக்கு நன்மை வாங்கின நாளு. நாளைக்குப் பார்ப்போம்."

நான் போர்வையை உருவி மடித்துக் கால்மாட்டில் வைத்துவிட்டு, இடது காலை என் கையாலேயே பிடித்துத் தூக்கினேன்.