எனக்கு இளைய அக்கா

எங்க அக்கா லீலாதேவியப் பத்திச் சொல்லுன்னா எனக்கு மொதல்ல கோவந்தான் வருது. என்னவிட மூணு வயசு மூத்தவளாப் பொறந்தவ. இப்ப எனக்குப் பதினொரு வயசு இளையவ. கேக்குறவங்க எல்லாரும் சிரிக்கிறாங்க. நல்லாச் சிரிங்க. இவளோட லயத்து வரிசையில ஒத்த அறைக் காம்பராவுல குடும்பம் நடத்திப் பாத்தாத் தெரியும்.

எங்க தேயிலைத் தோட்டம் பெரகல சந்திக்கு மேல இருக்கு. கொழுந்து எடுக்கிற மலைக்கும், வேலைக்குப் போறவங்க கைப்பிள்ளைகள விட்டுட்டுப் போற பிள்ளை மடுவத்துக்கும் நடுவுல ஒரு பள்ளம். நேரங்கெட்ட பள்ளம்னு பேரு. உள்ள எறங்கினவங்களுக்கு ரெண்டு எட்டு வச்ச மாதிரிதான் இருக்கும். ஏறி வந்து பாத்தா வெளியில மாசக்கணக்குல, வருஷக்கணக்குல ஓடியிருக்கும். எறங்கினவங்களுக்கு வயசு மட்டும் ஏறாது. ஒரு ஆட்டுக்குட்டி எறங்கி அடுத்த மழைக்குத்தான் ஏறி வந்துச்சு, அதே குட்டியா. இப்ப கொழும்புல இருந்து ஆளுக வந்து அளந்து, மஞ்ச ரிப்பன் கட்டி, பலகை நட்டுட்டுப் போயிருக்காங்க. பலகையில சிங்களம் இருக்கு, இங்கிலீஷ் இருக்கு. அந்த மலையில வேலை செய்யறது பூரா தமிழ் ஆளுக. எத்தன பேருகிட்ட சொல்லியாச்சு, யாரு கேக்குறா.

அக்கா போன காலத்துல ரிப்பன் இல்லதான். ஆனா அங்க எறங்கக்கூடாதுன்னு எல்லாருக்கும் தெரியும், அவளுக்கும் தெரியும். கைப்பிள்ளக்காரிக தேத்தண்ணி நேரத்துல பிள்ளை மடுவத்துக்குப் போயிப் பால் குடுத்துட்டு வரலாம். எல்லாரும் ரோட்டச் சுத்திப் போனாங்க. இவ மட்டும், பிள்ள பசியில கத்தும், நான் குறுக்கால ஓடிட்டு வந்துர்றேன்னு எறங்கினா. அவ்வளவுதான். ஒரு சொல்லுக் கேக்குற பழக்கம் அவளுக்கு என்னைக்கும் கெடையாது.

அப்ப அவ மக லதுஷாவுக்குப் பத்து மாசம். அதோட அப்பன் ஒரு வருஷம் பாத்தான். அப்புறம் மொனராகலைப் பக்கம் வேலைக்குப் போயி அங்கயே இன்னொருத்தியக் கட்டிக்கிட்டான். பிள்ள என் இடுப்புல. என்னயப் பொண்ணு பாக்க வந்தவங்க இடுப்புல இருந்த பிள்ளையப் பாத்துட்டு, தேத்தண்ணி கூடக் குடிக்காம எந்திரிச்சுப் போனாங்க. போனாப் போங்கன்னு விட்டுட்டேன். லதுஷா வாயத் தொறந்து மொதல்ல சொன்ன சொல்லு அம்மா. அது என்னப் பாத்துத்தான்.

பதினாலு வருஷம் கழிச்சு, போன பொங்கலுக்கு மறுவாரம், பிள்ளை மடுவத்தப் பாத்துக்கிற பொண்ணு ஓடி வந்துச்சு. "யாரோ ஒரு பொம்பள வந்து எம் பிள்ளையக் குடுன்னு சண்ட போடுது, கொஞ்சம் வாங்கக்கா." போயிப் பாத்தா இவ நிக்கிறா. ரவிக்கை முன்னால பூரா பால்ல நனஞ்சிருக்கு. என்னப் பாத்ததும், "அடியே கலா, என்னடி இப்படி வாடிப் போயிக் கெடக்க, காய்ச்சலா?"ன்னா.

கட்டிப் புடிச்சு அழுதேன். இல்லேங்கல. ஆனா அந்த அழுகையெல்லாம் ஒரு நாளைக்குத்தான். மறுநாளே தொடங்கிட்டா. கறியில உப்புக் கூட, சீலை கட்டுன லட்சணம் சரியில்ல, பொம்பளப் பிள்ளைய டியூசனுக்குத் தனியா அனுப்பறது யாரக் கேட்டு. ஒரு வார்த்த திருப்பிச் சொன்னா, "நான் மூத்தவ, நீ வாய மூடு." இருபத்தாறு வயசுக்காரி முப்பத்தேழு வயசுக்காரிய வாய மூடச் சொல்றா. உசுர வாங்கிட்டா.

லதுஷா என்னத் தனியாக் கூப்பிட்டு, "இவங்கள நான் என்ன மொற சொல்லிக் கூப்பிடறது?"ன்னு கேட்டா. "பெத்தவள வேற எப்படிடி கூப்பிடுவ, அம்மான்னுதான்." அவ ஒதட்டப் பிதுக்கினா. "எனக்கு அக்கா மாதிரி இருக்காங்க. ஒன்னவிடச் சின்னவங்கதானே, சின்னம்மான்னே கூப்பிடறேன்."

அது எனக்குச் சந்தோசமா இருந்துச்சு. அக்காவுக்கு அதுகூட ஒறைக்கல. லதுஷாவ அவ பிள்ளையாவே சேத்துக்கல. "இது யாரோ பெரிய பிள்ள. எம் பிள்ளைக்குக் கீழ ரெண்டு பல்லுத்தான் மொளச்சிருக்கு"ன்னு தள்ளித் தள்ளி விட்டா. சொல்லிச் சொல்லி என் தொண்டத் தண்ணி வத்திப் போச்சு.

அவளுக்குப் பால் கட்டிக் காய்ச்சல் வந்துருச்சு. மல்லியப்பூவ மார்ல வச்சுக் கட்டு, பால் வத்திரும்னு லயத்துப் பொம்பளைக சொன்னாங்க. இவ ஒத்துக்கல. "பால வத்த விட்டுட்டு எம் பிள்ளைக்கு என்னத்தக் குடுக்கறது? வந்த வழியே திரும்பி எறங்கினா அவகிட்டப் போயிருவேன்." அந்தப் பள்ளம் முன்னாலதான் தள்ளும், பின்னால கொண்டுபோயி விட்டதா ஒரு கத கூட இல்லேன்னு நான் மண்ட காயக் காயச் சொன்னேன். செவுத்துக்கிட்ட சொல்லியிருக்கலாம்.

ஒரு சனிக்கெழம பீலித் தண்ணியில துணி தொவச்சுட்டு வர்றேன், காம்பரா தொறந்து கெடக்கு, ஆளக் காணோம். துணியப் போட்டுட்டு ஓடினேன். ரிப்பனத் தாண்டிப் பள்ளத்து வெளிம்புல நிக்கிறா. இன்னும் ஒரு எட்டுத்தான். இவ எறங்கினா லதுஷா காலத்துக்கும் எனக்குத்தான். அது எனக்குத் தெரியாமலா.

"எறங்கு"ன்னேன். "தாராளமா எறங்கு. இன்னொரு பதினாலு வருஷம் போகட்டும். நீ ஏறி வர்றப்ப ஒம் மக ஒனக்கே மூத்தவளா நிப்பா. அவகிட்டப் போயி எம் பிள்ளையக் குடுன்னு கேளு."

திரும்பிப் பாத்தா.

"பால் குடிச்ச பிள்ள முடிஞ்சு போச்சுக்கா. அத நான் வளத்தாச்சு. பதினாலு வயசுப் பிள்ள ஒண்ணு வீட்ல இருக்கு. மிச்சத்தையாவது நீ இருந்து பாரேன்."

அவ அந்த எடத்துலயே குந்தினா. அப்புறம் ஒப்பாரி வச்சு அழுதா, செத்த பிள்ளைக்கு அழற மாதிரி. நான் ரிப்பனுக்கு அடியில குனிஞ்சு போயிக் கையப் புடிச்சு இழுத்துட்டு வந்தேன். வர்ற வழியெல்லாம் திட்டிக்கிட்டேதான் வந்தேன்.

மல்லியப்பூ வாங்கியாரச் சொன்னது அக்காதான். லதுஷா ஹப்புத்தளையில டியூசன் முடிஞ்சு வரும்போது வாங்கிட்டு வந்தா. பழைய சீலையக் கிழிச்சு, பூவ மார்ல வச்சுக் கட்டிவிட்டதும் லதுஷாதான். அக்கா பல்லக் கடிச்சுக்கிட்டு கண்ணுல தண்ணி விட்டா.

"வலிக்குதா?"ன்னு லதுஷா கேட்டா.

அக்கா மொத மொதலா அந்தப் பிள்ள மூஞ்சிய நிமிந்து பாத்தா. ரொம்ப நேரம் பாத்தா. "காலையில போனவ, சாப்பிட்டியா? பசிக்குதா?"

"ஆமாம்மா."

நான் அடுப்புல ரொட்டி போட்டுக்கிட்டு இருந்தேன். என்னத்தான் கூப்பிடறான்னு திரும்பினேன். லதுஷா என் பக்கம் பாக்கல.

அக்கா எந்திரிச்சு வந்து என் கையில இருந்த தட்ட வாங்கினா. "தள்ளுடி, எம் பிள்ளைக்கு நான் போடறேன்."

தள்ளி நின்னேன்.